கவிழ்த்த வாளி மன்றம்

பங்காளி,

சென்ற ஞாயிற்றுக்கிழமை மாலை நம் தெரு நலச் சங்கம் கூடியது. பொதுமக்களின் நலன், தெருவின் அழகு, வருங்காலத் தலைமுறையின் ஒழுக்கம் ஆகிய மூன்றையும் நெடுநேரம் ஆராய்ந்த பிறகு, இனி எந்த வீட்டு வாசலிலும் பிளாஸ்டிக் வாளியைக் கவிழ்த்து வைக்கக் கூடாது என்று ஏகமனதாகத் தீர்மானித்தது. நிமிர்த்தி வைக்கத் தடையில்லை. தலைவர் எழுந்து நின்று தீர்மானத்தைப் படித்தார். சிலர் கை தட்டினார்கள். நான் எதிர்ப்புத் தெரிவித்துக் கையை உயர்த்தினேன். மின்விசிறி வேகமாகச் சுற்றுகிறது என்று சொல்வதாக எடுத்துக்கொண்டு அதைக் குறைத்தார்கள். அது ஏகமனதானது அப்படித்தான்.

இன்னொரு தீர்மானமும் உண்டு. தெருமுனைக் கம்பத்தில் பல வருஷமாக ஊமையாகக் கிடக்கும் கடிகாரத்துக்கு வரும் வெள்ளிக்கிழமை முதல் மறுபடி குரல் கொடுப்பது. அதை எதிர்த்துப் பேசியது உன் மகள் செல்வி ஒருத்திதான். அதற்குப் பிறகு வருகிறேன்.

மறுநாள் காலை பால் வாங்கிக்கொண்டு உன் வீட்டைத் தாண்டி நடந்தேன். கேட்டுக்கு வெளியே பச்சை வாளி கவிழ்ந்திருந்தது. பிடி ஒடிந்து, ஒரு பக்கம் வெயிலில் வெளுத்த அதே வாளி. செல்வி நைட் டூட்டி முடித்து வந்து படுத்திருக்கிறாள். ஞாயிற்றுக்கிழமைத் தீர்மானம் அவளுக்குத் தெரியாதது அல்ல. முன்வரிசையில் உட்கார்ந்து கேட்டவள். தெரிந்தேதான் கவிழ்த்திருக்கிறாள். கையில் பால் பாக்கெட்டோடு கொஞ்ச நேரம் அங்கேயே நின்றேன். அப்புறம் வீட்டுக்கு வந்து இதை எழுத உட்கார்ந்தேன். எழுதி முடிக்கத்தான் பல நாள் ஆகிவிட்டது.

எதையும் எழுதி வைக்கக் கூடாது என்பது நம் மன்றத்தின் முதல் விதி. அதை நீ போட்டாய். சாக்கோட்டையில் அரசாங்க மேசைக்குப் பின்னால் ஆயுள் முழுக்க உட்கார்ந்திருந்த என்னைப் பார்த்துக்கொண்டே போட்டாய். "எழுதி வச்சா அது ஆபீஸாப் போயிரும் பங்காளி. அப்புறம் அதுல யாரும் நல்லாத் தூங்க முடியாது." ஆபீஸில் நான் தூங்கினேன் என்ற பொருளில் நீ அதைச் சொன்னாய். அந்த நாற்காலியில் தூங்க முடியாது என்பதை இப்போதாவது பதிவு செய்கிறேன். விதியை மீறுகிறேன் என்பது எனக்குத் தெரியும். இந்த வாரம் நான் மீறிய முதல் விதி இது. கடைசி அல்ல.

உனக்கு நினைவிருக்கும், மன்றம் பிறந்தது ஒரு பனைமரத்தால். சென்னைக்குப் போகும் ராத்திரி பஸ்ஸை நீ ஓட்டிக்கொண்டிருந்தாய். விடியற்காலையில் பஸ்ஸைக் கொண்டுவந்து விட்டுவிட்டு, செக்காலை ரோட்டு டீக்கடையில் ஒரு டீ. பிறகு வீட்டுக்குப் போய் மத்தியானம் முழுக்கத் தூக்கம். ஒருநாள் விட்டு ஒருநாள், பல வருஷமாக இதுதான் உன் வாழ்க்கை. அந்த வருஷம் தெருமுனையில் புதுக் கடிகாரம் வைத்தார்கள். ஒரு ஜவுளிக்கடைக்காரரின் நன்கொடை. மணிக்கு ஒருதரம் அது பேசும். ஒரு பெண்குரல் முதலில் நேரத்தைச் சொல்லும். அடுத்து, நேரத்தை வீணாக்காதீர்கள் என்று சொல்லும். அதற்கப்புறம் யாருடைய நினைவாக இந்தக் கடிகாரம் நிறுவப்பட்டது, அன்னாரின் புதல்வர்கள் யார் யார், அவர்களின் கிளைகள் எங்கெங்கே உள்ளன என்றெல்லாம் சொல்லும். எல்லாம் சொல்லி முடிப்பதற்குள் முதலில் சொன்ன நேரம் பொய்யாகிவிடும். அந்தக் கம்பம் உன் படுக்கையறை ஜன்னலுக்கு நேர் எதிரே.

அது பேச ஆரம்பித்துச் சில நாளில், டீக்கடை பெஞ்சில் டீயைக் குடிக்காமல் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாய். என்னய்யா என்றேன். நீ என்னைப் பார்க்கவில்லை.

"விழுப்புரம் தாண்டி ஒரு பனைமரம் ரோட்டக் கடந்துச்சு பங்காளி. ஹார்ன் அடிச்சேன். ஒதுங்கி வழி விட்டுச்சு."

நான் சிரித்தேன். நீ சிரிக்கவில்லை. டீ ஆறிப்போயிருந்தது.

"பகல்ல பாக்க வேண்டிய கனவப் பாக்க விடலைன்னா, அது ராத்திரி ரோட்டுக்கு வந்துரும். பின்னால ஒரு பஸ்ஸு நெறையத் தூங்கிக்கிட்டு வாராக. அவுக கனவுக்கும் நாந்தான பொறுப்பு."

அந்த வாக்கியத்தில்தான் நம் மன்றத்தின் கொள்கை முழுவதும் இருக்கிறது. அதற்குக் காலக் கனவுக் காப்பு மன்றம் என்று பெயர் வைத்தவன் நான். சொல்லி முடிப்பதற்குள் தூங்கிவிடுவேன் என்றாய். அப்படியானால் நல்ல பெயர்தான் என்று நாமே ஏற்றுக்கொண்டோம். நீ தலைவர், நான் துணைத்தலைவர். வேறு யாருக்கும் தெரியக் கூடாது. உலகத்தில் வேறு எங்கெல்லாமோ ரகசிய சங்கங்கள் புதையலையும் அரியணையையும் காக்கின்றன என்று படித்திருக்கிறேன். நாம் காத்தது ஒரு மனுஷன் மத்தியானம் காணும் கனவையும், அது முடிவதற்கு ஆகும் நேரத்தையும். மணி என்ன என்பது முழித்திருப்பவன் பிரச்சினை என்று நீ சொல்வாய். தூங்குகிறவனின் நேரம் அவனுக்குச் சொந்தம். அதில் யாரும் கைவைக்கக் கூடாது.

மன்றத்தின் முதல் நடவடிக்கை பட்டப்பகலில் நடந்தது. ரகசியக் காரியத்துக்கு இருட்டு வேண்டும் என்று நான் சொன்னேன். ராத்திரியில் நாய் குரைக்கும், எவனாவது எட்டிப் பார்ப்பான், காரைக்குடியில் மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு எட்டிப் பார்க்க ஒருவனும் இருக்க மாட்டான் என்று நீ சொன்னாய். நீ சொன்னதுதான் சரி. சங்கத்துக்குச் சொந்தமான ஏணியைச் சங்கக் கட்டடத்திலிருந்தே எடுத்து வந்தோம். நான் பிடித்துக்கொண்டேன். நீ ஏறி, பஸ்ஸில் பயணிகளுக்குத் தரும் பழைய கம்பளி ஒன்றைக் கடிகாரத்தின் குழாய் ஸ்பீக்கருக்குள் திணித்தாய். தெருவில் ஓர் ஆடு மட்டும் நம்மைப் பார்த்தது. அடுத்த மணிக்குக் கடிகாரம் தொண்டைக்குள் எதையோ முணுமுணுத்தது. யாருடைய நினைவாக என்பது அதற்கப்புறம் யாருக்கும் கேட்கவில்லை. முள்கள் வழக்கம்போல் ஓடிக்கொண்டிருந்தன. சங்கத்தார் மெக்கானிக்கைக் கூப்பிட்டார்கள். அவர் ஏறிப் பார்த்துவிட்டு, சாமான் கோயமுத்தூரிலிருந்து வர வேண்டும் என்றார். வருஷா வருஷம் அதையேதான் சொன்னார்.

இரண்டாவது நடவடிக்கை வாளி. கேட்டுக்கு வெளியே வாளி கவிழ்ந்திருந்தால் உள்ளே ஒருவர் தூங்குகிறார், கூப்பிடக் கூடாது. நிமிர்ந்திருந்தால் கூப்பிடலாம். அது நமக்குள் இருக்கும் அடையாளம் என்று நினைத்திருந்தேன். நான் அதை மதித்து நடந்தேன். மத்தியானம் உன்னிடம் எவ்வளவு அவசரமாகப் பேச வேண்டியிருந்தாலும் வாளியைப் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுவேன். உன் செல்போனும் அந்த நேரத்தில் அரிசி டிரம்முக்குள் இருக்கும். அரிசிக்குள் புதைத்தால் சத்தம் கேட்காது என்பது உன் கண்டுபிடிப்பு. தெரு மெல்ல மெல்ல அமைதியானதை நான் கவனிக்கவில்லை. சிலிண்டர் கொண்டுவருகிறவர் ஸ்பேனரால் தட்டிக்கொண்டே வருவதை நிறுத்தியிருந்தார். பிளாஸ்டிக் சாமான் வண்டிக்காரர் உன் வீடு வந்ததும் ஒலிபெருக்கியை அணைத்துவிட்டு வண்டியைத் தள்ளிக்கொண்டே போய், மூலை திரும்பியதும் மறுபடி போடுவார். பேட்டரியை மிச்சம் பிடிக்கிறார் என்று நினைத்தேன்.

சித்திரை மாதம் அந்த மத்தியானம் வந்தது.

நான் சாயங்காலம் உன் வீட்டுப் பக்கம் வந்தபோது செல்வி படியில் உட்கார்ந்து, மடியில் பையை வைத்துக்கொண்டு செருப்பைக்கூடக் கழற்றாமல் இருந்தாள். அப்போது அவளுக்கு ஆஸ்பத்திரியில் பகல் டூட்டி. வேலை முடித்து வந்திருந்தாள். வாளி இன்னும் கவிழ்ந்தே இருந்தது. அம்மா போனதிலிருந்து நீங்கள் இரண்டு பேர் மட்டும் இருக்கும் வீடு. சின்ன வயசிலிருந்து அவளுக்கு நீ பழக்கியது அது. வாளி நிமிரும்வரை கதவைத் திறக்கக் கூடாது.

"அப்பா இன்னும் அசந்து தூங்குறாக சித்தப்பா." கிசுகிசுத்தாள்.

நானும் படியில் உட்கார்ந்தேன். பஸ் புறப்படும் நேரம் நெருங்கியது. உன்னோடு மாற்றி மாற்றி பஸ் ஓட்டும் இளையாத்தங்குடிக்காரர் பைக்கில் வந்தார். தெருமுனையிலேயே இன்ஜினை அணைத்துவிட்டுத் தள்ளிக்கொண்டு வந்தார். வாளியைப் பார்த்தார். செருப்பைக் கழற்றினார். அண்ணன் போனை எடுக்கவில்லை என்று அவரும் கிசுகிசுத்தார். ஆகவே மூன்று பேர், உன் வாசலில் நின்று, உன் தூக்கம் கலையாமல், உன்னை எழுப்பலாமா வேண்டாமா என்று ஆலோசித்தோம். எழுப்ப யாருக்கும் மனம் வரவில்லை. கடைசியில் செல்வி எழுந்து உள்ளே போனாள். போகிறபோது வாளியை நிமிர்த்தி வைத்துவிட்டுப் போனாள்.

நீ படுத்த கொஞ்ச நேரத்திலேயே, தூக்கத்திலேயே அது நடந்திருக்கிறது என்றார் டாக்டர். யார் எழுப்பியிருந்தாலும் ஒன்றும் மாறியிருக்காது என்றும் சொன்னார். அதை ஒருதரம்தான் சொன்னார். எனக்கு ஒருதரம் போதும். இது மன்னிப்புக் கேட்கும் கடிதம் அல்ல பங்காளி. மன்றம் தன் வேலையைச் செய்தது. உன் கடைசிக் கனவின் நடுவே யாரும் சிலிண்டரைத் தட்டவில்லை.

கருமாதி அன்றைக்குத்தான் எனக்கு ஓர் அவமானம் நேர்ந்தது. சிலிண்டர்க்காரர் என்னைப் பந்தலுக்குப் பின்னால் அங்குட்டுக் கூட்டிக்கொண்டு போனார். சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, இதை வெளியே சொல்லக் கூடாது, ஆனால் மனசு கேட்கவில்லை, நானும் அண்ணனும் சேர்ந்து ஒரு ரகசிய மன்றம் வைத்திருந்தோம் என்றார். நான் துணைத்தலைவர் என்றார். அவரைத் தேற்றி அனுப்பிவிட்டுத் திரும்பினால் தயிர்க்காரம்மா நின்றிருந்தார். அவரும் துணைத்தலைவர். பிறகு பிளாஸ்டிக் வண்டிக்காரர். சாப்பாட்டுப் பந்தியில் என் பக்கத்து இலையில் கடிகார மெக்கானிக் உட்கார்ந்து, ரசம் வருவதற்குள் எல்லாவற்றையும் சொல்லிவிட்டார். கோயமுத்தூரில் அப்படியொரு சாமானே கிடையாதாம். "ஒங்களத் தவிர யாருக்கும் தெரியாது, நீங்கதான் துணைத்தலைவருன்னு அண்ணன் எங்கிட்டச் சொன்னாக" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டார். நான் பாயசம் சாப்பிடவில்லை. இத்தனை வருஷம் நான் வகித்த பதவியை இந்த ஊரில் வகிக்காதவர் சங்கத் தலைவர் ஒருவர்தான் போலிருக்கிறது. இதற்கு நீ பதில் சொல்ல வேண்டும். சொல்ல முடியாத இடத்துக்குப் போய்விட்டாய் என்பதை ஒரு காரணமாக நான் ஏற்கவில்லை.

அந்தத் தலைவரைப் பற்றி இரண்டு வார்த்தை. நம் தெருவின் கடைசி வீடு, பெரிய பதவியில் இருந்து ஓய்வு பெற்றவர், மகன்கள் வெளிநாட்டில், தனியாக இருக்கிறார். சங்கத்தில் உன் படத்துக்கு மாலை போட்டு இரங்கல் கூட்டம் நடத்தினார். அதில் பேசும்போது, கடிகாரம் ஒழுங்காகப் பேசியிருந்தால் இந்தத் துயரம் நேர்ந்திருக்காது என்றார். டாக்டர் சொன்னதை அவரிடம் சொன்னேன். டாக்டர்கள் அப்படித்தான் சொல்வார்கள் என்றார். அதன் பிறகு ஒவ்வொரு கூட்டத்திலும் கடிகாரம் வந்தது. போன ஞாயிற்றுக்கிழமை வாளியும் சேர்ந்துகொண்டது.

இடையில் செல்வியை ராத்திரி டூட்டிக்கு மாற்றிவிட்டார்கள். தீவிர சிகிச்சைப் பிரிவு. ராத்திரி முழுக்க யாருக்கு எந்த ஊசி, எவ்வளவு என்று பார்த்துப் பார்த்துப் போட வேண்டிய வேலை. காலையில் வந்து, நீ படுத்த அதே அறையில், அதே ஜன்னல் பக்கம் படுக்கிறாள். கடிகாரம் பேசினால் அவளுக்கு என்ன ஆகும் என்று யோசிக்க எனக்கு ஒரு பனைமரம் போதும்.

கூட்டத்தில் அவள் பேசியதைச் சொல்கிறேன் என்றேன். தலைவர் மறுபடியும், கடிகாரம் பேசியிருந்தால் உன்னை எழுப்பியிருக்கலாம் என்று ஆரம்பித்தார். செல்வி எழுந்தாள். குரலை உயர்த்தவில்லை.

"எங்கப்பாவ யாரும் எழுப்பலைங்கறதுதான் பெரியப்பா எனக்கு ஆறுதல். அவுக பாத்துக்கிட்டிருந்தத முழுசாப் பாத்து முடிச்சிட்டுப் போனாக. அத எனக்கு இந்தத் தெருதான் குடுத்துச்சு. நீங்க அதத் தப்புன்னு எழுதாதீக."

தலைவர், உணர்ச்சிவசப்படாமல் பொதுநலனைப் பார்க்க வேண்டும் என்றார். அடுத்தது வாளி என்றார். மற்றவர்கள் டீ வருகிறதா என்று வாசலைப் பார்த்தார்கள். தயிர்க்காரம்மாவுக்குச் சங்கத்தில் ஓட்டு கிடையாது. சிலிண்டர்க்காரருக்கும் கிடையாது. தெருவில் குடியிருப்பவர்களுக்குத்தான் உண்டு.

வெள்ளிக்கிழமை காலை ஜவுளிக்கடைக்காரரின் மூத்த புதல்வர் வந்து ரிப்பன் வெட்டினார். மெக்கானிக்கை மாற்றிவிட்டார்கள். மதுரையிலிருந்து வந்த புது ஆள் உன் கம்பளியைக் குழாய்க்குள்ளிருந்து உருவி எடுத்துக் கீழே போட்டார். ஏதோ பறவைக் கூடு என்றார்கள். குப்பைக்குப் போவதற்கு முன் அதை நான் எடுத்துக்கொண்டேன். கடிகாரம் வாய் திறந்தது. எல்லாப் புதல்வர்களையும் சொன்னது. இப்போது கிளைகள் கூடியிருக்கின்றன. உன் வீட்டு ஜன்னல் மூடியிருந்தது. அடுத்த மணிக்கு அது பேசி முடித்தபோது ஜன்னலுக்குப் பின்னால் விளக்கு எரிந்தது. அதற்கடுத்த மணிக்கும் எரிந்துகொண்டிருந்தது.

சாப்பிட்டுவிட்டுச் சங்கக் கட்டடத்துக்குப் போய் ஏணியை எடுத்தேன். கம்பளியைத் தோளில் போட்டுக்கொண்டேன். முழங்கால் முன்போல் இல்லை. ஆனாலும் மன்றத்தின் இரண்டாவது தலைவர் என்ற முறையில் இதை வேறு துணைத்தலைவர்களிடம் விட எனக்கு விருப்பமில்லை. தெருவில் ஒரு ஜீவன் இல்லை. ஆடுகூட இல்லை. ஏணியில் பாதி ஏறியபோது கீழே செருப்புச் சத்தம் கேட்டது.

சங்கத் தலைவர். வேட்டி, பனியன், கையில் கண்ணாடி. நம் ஊரில் மத்தியானம் முழித்திருக்கும் ஒரே மனுஷர் அவர் என்பதை நான் கணக்கில் எடுக்கவில்லை.

சங்கச் சொத்தைச் சேதப்படுத்துகிறீர்கள், தீர்மானத்தை மீறுகிறீர்கள், போலீசில் சொல்வேன் என்றெல்லாம் சத்தம் போட்டார். அத்தனையையும் கிசுகிசுப்பாகவே போட்டார். உன் வீட்டு வாசலில் வாளி கவிழ்ந்திருந்தது. அவர் கண் அதன் மேல் போய்ப் போய் வந்தது.

"செல்வி இன்னும் கண்ண மூடல. ராத்திரி ஊசி போடப் போற பிள்ள. நீங்க எழுதுறத எழுதிக்கங்க" என்று நானும் கிசுகிசுத்துவிட்டு, அடுத்த படியில் கால் வைத்தேன்.

அவர் போகவில்லை. மேலே பார்த்துக்கொண்டே நின்றார். வெயிலில் கண் கூசியது அவருக்கு.

"அவரு போனதுல இருந்து எனக்கு மத்தியானத் தூக்கமே இல்லய்யா. படுத்தா எந்திரிப்பனான்னு பயமா இருக்கு. இது மணிக்கொருதரம் கத்துனா, சரி, இருக்கோம்னு ஒரு தெம்பு. இதையும் அடச்சிட்டா என்னைய யாரு எழுப்புவா?"

கம்பளி என் தோளில் இருந்தது. ஏணி ஆடிக்கொண்டிருந்தது. அவர் பயம் எனக்குப் புரிந்தது. புரிந்ததற்காக இறங்க வேண்டும் என்று எனக்குத் தோன்றவில்லை. எழுப்புவது நம் மன்றத்தின் வேலை அல்ல. அதற்கு நேர் எதிரானது. நீ இருந்தால் என்ன சொல்லியிருப்பாய் என்று யோசித்தேன். அவரையும் துணைத்தலைவர் ஆக்கியிருப்பாய்.

"நாலு மணிக்கு நான் வந்து கதவத் தட்டுறேன்" என்றேன். "தெனமும்."

"மறந்துட்டீகன்னா?"

"ஆபீஸுக்குத்தான் மறந்து லீவு போட்டிருக்கேன். இதுக்குப் போட மாட்டேன்."

அவர், சங்கத்தின் ஏணி விழுந்து உடையக் கூடாது என்பதற்காக, அதன் இரண்டு காலையும் பிடித்துக்கொண்டார். நான் மேலே போய்க் கம்பளியைக் குழாய்க்குள் கடைசிவரை திணித்தேன். அதில் இன்னும் டீசல் வாசனை இருந்தது பங்காளி. உன் சட்டையில் இருக்கும் அதே வாசனை. அந்தக் கையைக் கழுவாமல்தான் அன்று ராத்திரி சாப்பிட்டேன்.

தீர்மானங்கள் இரண்டும் அப்படியே அமலில் இருக்கின்றன. கடிகாரத்துக்குச் சாமான் வர வேண்டுமாம். செல்வி இப்போது சாயங்காலம்வரை தூங்குகிறாள்.

நேற்று மத்தியானம் கடைசி வீட்டு வாசலில் ஒரு நீல வாளி கவிழ்ந்திருந்தது. புது வாளி, கடைக்காரர் ஒட்டிய சீட்டு இன்னும் அதன் மேல் இருந்தது. நாலு மணிக்குப் போய்க் கதவைத் தட்டினேன். திறந்தார்.